சாவெள்ளி உதித்த வேளை

சிரிப்பு வரும், கொஞ்சம் பொறுங்கள். முதலில் அழ வேண்டியிருக்கிறது.

அரண்மனைச் சோதிடர் கண்ணுக்கு மட்டும் தெரிகிற நட்சத்திரம் சாவெள்ளி. அது உதிக்கும்போது பிறந்த பிள்ளையால் நாடு அழியுமாம். அப்படியே ராணியின் இரண்டு குழந்தைகளைக் காட்டில் விட்டாயிற்று. இரண்டும் பிழைக்கவில்லை.

மூன்றாம் பிரசவம். மருத்துவச்சி இருளாயி வெளியே வந்தாள்.

"இப்பத்தான் பொறந்துச்சு சாமி, ஆம்பளைப் பிள்ளை."

சோதிடர் பட்டப்பகல் வானத்தை அண்ணாந்து பார்த்தார். "ஐயோ மகாராஜா! சாவெள்ளி!"

"நல்லாப் பார்த்தீங்களா சாமி?"

"என்னையே கேட்கிறாயா? பிள்ளை பிறந்ததும் அது உதித்ததும் ஒரே நொடி!"

ராஜா முகத்தைப் பொத்திக்கொண்டார்.

"அழாதீங்க ராசா," என்றாள் இருளாயி. "பிள்ளை இன்னும் பொறக்கவே இல்லை. அம்மாவுக்கு இப்பத்தான் வலியே எடுத்திருக்கு."

உள்ளே ராணி அலறினாள். ராஜா மெதுவாகக் கையை எடுத்துவிட்டுச் சோதிடரைப் பார்த்தார்.