தும்மிய யானையும் குறி தவறிய நரியும்

ஒரு காட்டில் சட்டம் மிகவும் சின்னதாக இருந்தது. “செய்தாயா, இல்லையா?” அவ்வளவுதான் சட்டம். செய்ததால் கெட்டது நடந்திருந்தால் தண்டனை. நல்லது நடந்திருந்தால் மாலை. இவ்வளவு சின்னச் சட்டம் இருந்தால் நீதிபதிக்கு வேலை சுலபம், பாருங்கள்! அந்தக் காட்டின் நீதிபதியான கரடியார் மதியச் சாப்பாட்டுக்குள் எல்லா வழக்குகளையும் முடித்துவிட்டுத் தூங்கப் போய்விடுவார்.

ஒருநாள் அவர் முன்னால் வடிவு என்ற யானை நின்றாள். வடிவு பரம சாது. எறும்பு வரிசை குறுக்கே வந்தால் தூக்கிய காலைக் கீழே வைக்காமல் அப்படியே நிற்பாள். கால் மரத்துப்போகும், எறும்பு வரிசை முடியாது. அப்படிப்பட்டவள் அன்று குற்றவாளிக் கூண்டில் நின்றாள். கூண்டு அவளுக்குப் போதவில்லை. ஒரு காலை மட்டும் உள்ளே வைத்திருந்தாள்.

புகார் கொடுத்தது ஒரு தூக்கணாங்குருவி. அதன் இறகெல்லாம் நனைந்திருந்தது.

“ஐயா, ஆற்றோரக் கருவேல மரத்தில் எங்கள் கூடுகள் தொங்கின. காலையில் இந்த அம்மா ஒரு தும்மல் போட்டாள். அத்தனை கூடுகளும் அறுந்து ஆற்றில் விழுந்துவிட்டன. கூட்டுக்குள் உட்கார்ந்தபடியே, படகில் போவதுபோல, அருவி வரைக்கும் போய்விட்டோம். என் பிள்ளைகள் வேறு, மறுபடியும் போகலாம் என்று ஒரே அழுகை!”

கரடியார் வடிவைப் பார்த்தார். “தும்மினாயா, இல்லையா?”

“தும்மினேன் ஐயா. எங்கிருந்தோ காற்றில் ஒரு கார நெடி வந்து மூக்கில் ஏறிவிட்டது. நான் வேண்டுமென்று தும்மவில்லை.”

“வேண்டுமா, வேண்டாமா என்பதெல்லாம் சட்டத்தில் இல்லை. ஆனாலும் கேட்கிறேன். தும்முவதற்கு முன்னால், தும்ம வேண்டும்போல் இருந்ததா?”

வடிவுக்குப் பொய் சொல்ல வராது. “இருந்தது ஐயா.”

“கேட்டீர்களா!” என்று கரடியார் துள்ளினார். “தும்ம வேண்டும்போல் இருந்திருக்கிறது. தும்மியிருக்கிறாள். வேண்டுமென்றே போட்ட தும்மல்தான் இது! நாளை முதல் நீ ஆற்றின் அக்கரையில் இருக்க வேண்டும். இக்கரையில் கால் வைக்கக் கூடாது.”

அக்கரை வெறும் பாறை. ஒரு மூங்கில் குருத்துகூட முளைக்காது. வடிவின் குட்டியோ இன்னும் பால்குடி மறக்கவில்லை. அதை அழைத்துப் போனாலும் தாங்காது, விட்டுவிட்டுப் போனாலும் தாங்காது. அழுதால் மூக்கு உறுத்தும், மூக்கு உறுத்தினால் மறுபடியும் தும்மல் வரும் என்று வடிவு அழுகையையும் விழுங்கிக்கொண்டாள், பாவம்.

“அடுத்தது!” என்றார் கரடியார்.

அடுத்தது வழக்கல்ல, பாராட்டு விழா. தோளில் ஓர் இலை மூட்டையோடு நரி வந்து நின்றது. அந்தக் காட்டில் எதையும் பச்சையாகத் தின்னாமல், பக்குவமாகச் சமைத்துச் சாப்பிடுவது அது ஒன்றுதான். அதில் அதற்குத் தலைகால் புரியாத பெருமை. அன்று காலை நரி எறிந்த கல் ஒரு தேனடையில் பட்டுத் தேன் கொட்டோ கொட்டென்று கொட்டியிருந்தது. அதில் ஒரு பானை கரடியார் வீட்டுக்கும் போயிருந்தது.

“கல் எறிந்தாயா, இல்லையா?”

“எறிந்தேன் ஐயா.”

“தேன் கிடைத்ததா, இல்லையா?”

“கிடைத்தது ஐயா.”

“மாலை கொண்டு வாருங்கள்!”

அப்போது ஒரு முயல் குறுக்கே பாய்ந்து வந்தது. “ஐயா, அது என்னைக் கொல்ல எறிந்த கல்! நான் குனிந்துகொண்டேன். அதனால்தான் எனக்குப் பின்னால் இருந்த தேனடையில் பட்டது.”

“உனக்கு அடி பட்டதா, இல்லையா?”

“படவில்லை ஐயா.”

“பிறகென்ன? நல்ல நேரத்தில் குனிந்தாய். உனக்கும் நன்றி.”

கொன்றைப் பூ மாலை வந்தது. நரி ஒயிலாகக் கழுத்தை நீட்டியது. நீட்டியபோது அதன் மூட்டை வடிவின் மூக்குக்கு நேராக வந்தது. வடிவு திடுக்கிட்டாள். காலையில் காற்றில் வந்த அதே கார நெடி!

“ஐயா, எனக்கு வருகிறது...” என்றாள்.

கூடியிருந்த மிருகங்கள் எல்லாம் ஓடிப்போய் ஆளுக்கொரு மரத்தைப் பிடித்துக்கொண்டன.

“அ... அ... அச்சூ!”

மூட்டை பிரிந்து பறந்தது. உப்பு ஒரு பக்கம், கறிவேப்பிலை ஒரு பக்கம் சிதறின. இடித்த மிளகு மொத்தமும் கரடியார் முகத்தில் அப்பியது. அவரும் ஒரு தும்மல் போட்டார். அவர் எதிரில் உட்கார்ந்திருந்த தூக்கணாங்குருவி நேராகப் போய் ஆற்றில் விழுந்தது.

சற்று நேரத்தில் அது சொட்டச் சொட்டத் திரும்பி வந்தது. “ஐயா, தும்மினீர்களா, இல்லையா?”

கரடியார் அக்கரைப் பாறையைப் பார்த்தார். அங்கே தேன் கிடைக்காது என்பதும் நினைவுக்கு வந்தது. “தும்மல் என்னைக் கேட்டுக்கொண்டா வந்தது?” என்று முனகினார்.

எல்லோரும் வடிவைப் பார்த்தார்கள். அவள் சிரிக்கவில்லை. சிரித்தால் யார் பறந்து போவார்களோ என்று அவளுக்குப் பயம்.

கரடியார் மூக்கைத் துடைத்துக்கொண்டு நரியிடம் திரும்பினார். சட்டத்தில் இல்லாத ‘எதற்காக’ என்ற கேள்வியை முதல்முறையாகக் கேட்டார். “இந்த மிளகை எதற்காக இடித்தாய்?”

நரி அசரவில்லை. “எனக்குச் சளி ஐயா. தேனில் மிளகைக் குழைத்துச் சாப்பிட்டால் கேட்கும். அதற்காகத்தான் தேனடையைக் குறி பார்த்தேன்.” இரண்டு தரம் இருமியும் காட்டியது.

கரடியார் பெருமூச்சு விட்டார். “மனத்துக்குள் இருப்பது யாருக்குத் தெரியும்? பழைய சட்டமே இருக்கட்டும். வடிவு அக்கரைக்குப் போகட்டும். என் தும்மலை மட்டும் எல்லோரும் மறந்துவிடுங்கள்.”

வடிவு கூண்டுக்குள் வைத்திருந்த காலை வெளியே எடுத்தாள். ஆனால் முயல் காதை ஒரு ஆட்டு ஆட்டிவிட்டு மறுபடி முன்னால் வந்தது.

“ஐயா, நரி அண்ணன் சொல்வது சரிதான். நான்தான் தப்பாக நினைத்துவிட்டேன். இது என்னை வறுக்கிற சாமானே இல்லை. இதில் பூண்டு இல்லையே! பூண்டு போடாமல் முயல் வறுக்க, நரி அண்ணன் என்ன சமைக்கத் தெரியாதவரா?”

நரியின் மீசை துடித்தது.

“பூண்டா? முயலுக்கா?” என்று கத்தியது. “நாக்கு செத்தவன்தான் முயலுக்குப் பூண்டு போடுவான்! இளம் முயலுக்கு உப்பு, மிளகு, ஒரு கொத்துக் கறிவேப்பிலை, அவ்வளவுதான் போட வேண்டும். அதனால்தான் விடிந்ததும் விடியாததுமாக ஆற்றோரம் உட்கார்ந்து என் கையாலேயே மிளகை இடித்...”

நரி அங்கே நிறுத்தியது. நிறுத்த வேண்டிய இடம் எப்போதோ போய்விட்டிருந்தது.

“வடிவு, நீ உன் குட்டியிடம் போ அம்மா,” என்றார் கரடியார். “நரியே, நீ அக்கரைக்குப் போ.”

“அநியாயம்!” என்று நரி குதித்தது. “முயலின் ஒரு முடிகூட உதிரவில்லையே! நான் செய்ததெல்லாம் தேன் கொடுத்ததுதானே!”

“தவறியது உன் குறிதான். நீ முயலைக் கொல்ல நினைத்தது தவறவில்லையே,” என்றார் கரடியார்.

“அப்படியானால் அந்தத் தேனை என்ன செய்வது ஐயா?” என்று கேட்டது முயல்.

கரடியார் கொஞ்சம் யோசித்தார். “தேன் எந்தக் கெட்ட எண்ணத்தோடும் கொட்டவில்லை,” என்று சொல்லி, அதை விடுதலை செய்து தம் வீட்டிலேயே வைத்துக்கொண்டார்.

அன்று சாயங்காலம் வடிவு கருவேல மரத்தடியில் குட்டியோடு நின்றாள். தும்மல் வந்துவிடக் கூடாதே என்று மூச்சை அடக்கிக்கொண்டு, குருவிகள் கூடு கட்டக் கோரைப்புல்லைக் கட்டுக் கட்டாகப் பிடுங்கிக் கொடுத்தாள்.

குருவிக் குஞ்சுகள் அவள் காதருகே பறந்து வந்து கெஞ்சின. “அத்தை, அத்தை, இன்னும் ஒரே ஒரு தும்மல் போடுங்களேன்! அருவி வரைக்கும் போய்விட்டு வருகிறோம்.”

“மாட்டேன் கண்ணுகளா,” என்றாள் வடிவு. “இப்போது போட்டால் அது வேண்டுமென்றே போட்டதாகிவிடும்.”

நீதி: கை செய்ததை மட்டும் பார்க்காமல், மனம் நினைத்ததையும் பார்த்துத்தான் குற்றத்தை அளக்க வேண்டும்.