கட்டு இல்லாத சம்பந்தி

பூசணிப்பட்டியில் அறிவுக்குப் பஞ்சம் வந்ததே கிடையாது. முதலில் இருந்தால்தானே பஞ்சம் வர! அந்த ஊர் சடையாண்டிக்கு ஒரே கவலை: வந்த வரனெல்லாம் தட்டிப்போன மகள் செவந்திக்கு இந்த மதுரை இடமாவது நிலைக்க வேண்டும்.

பையனின் அப்பா போனில், "சீர்செனத்தி ஒண்ணும் வேணாங்க. நாங்க குடும்பமே லிபரல்" என்றார்.

சடையாண்டி போனை வைத்துவிட்டுத் தம்பியைக் கூப்பிட்டார். "குடும்பத்துக்கே இருக்குதாம்டா! சர்க்கரை மாதிரி ஏதாச்சுமா?"

தம்பி மூக்கன் அகராதியோடு வந்தான். எட்டாம் வகுப்பிலேயே இங்கிலீஷ் அவனைக் கைவிட்டிருந்தாலும், அவன் அதை விடுவதாக இல்லை.

"வியாதி இல்லண்ணே. லத்தீன்ல லிபர்னு ஒரு வார்த்தை. அதுலேருந்து வந்திருக்கு. அடிமையில்லாதவன், கட்டு இல்லாதவன்னு அர்த்தம். மத்தவங்களையும் கட்டிப்போட மாட்டாங்களாம்."

"அப்ப, கட்டுன எதையும் பார்த்தா அவருக்கு ஆகாது?"

"மயக்கமே போட்டுருவாரு."

பெண் பார்க்க வந்த அன்று வீட்டில் ஒரு கட்டு மிச்சமில்லை. செவந்தியின் தலையில் உதிரிப்பூவாகத் தூவியிருந்தார்கள். மூக்கன் வேட்டியைக் கட்டாமல் கையாலேயே பிடித்துக்கொண்டு நின்றான். அவிழ்த்துவிட்ட காளை சம்பந்தியை வாசலில் வரவேற்று, வைக்கோல்போர் உச்சிவரை கொண்டுபோய் விட்டது.

செவந்திதான் ஓடிவந்து காளையை மடக்கினாள். அந்தத் தைரியம் பையனுக்குப் பிடித்துப்போனது. சம்பந்தியும் போர் மேலிருந்தபடியே சம்மதம் சொன்னார்.

கல்யாண மண்டபம். கெட்டிமேளம். பையன் தாலியை எடுத்தான். சடையாண்டி பாய்ந்து அவன் கையைப் பிடித்தார்.

"கட்டாதீங்க மாப்ளே! உங்களுக்கு ஆகாது!"

மேளம் நின்றது. "முகூர்த்தம் போகுதுய்யா!" என்று சம்பந்தி அலறினார்.

"கட்டவும் கூடாது, கல்யாணமும் நடக்கணும்" என்று சடையாண்டி கண்கலங்கினார்.

மூக்கன் ஆழ்ந்து யோசித்தான். "பசை இருந்தா கொண்டாங்கப்பா. ஒட்டிரலாம்."

செவந்தி நிமிர்ந்தாள். தன் வீட்டாரை அவளுக்குத் தெரியாதா? "அப்பா, அவர் எங்கே கட்டப்போறார்? மூணு முடிச்சுதானே போடப்போறார்!"

"இதை முதல்லயே சொல்லக் கூடாதா, தாயி?"

முடிச்சு விழுந்தது. ஆனந்தம் தாங்காமல் சடையாண்டி இரு கைகளையும் விரித்தபடி சம்பந்தியிடம் ஓடினார். பாதியில் திடுக்கிட்டு நின்றார்.

"ஐயோ, கட்டிப்பிடிக்கப் பார்த்தேனே!"

அழுகையை அடக்க முடியாமல், சம்பந்தியை விட்டுவிட்டு, பக்கத்தில் நின்ற வாழைமரத்தைக் கட்டிப்பிடித்தார். அதன் கட்டைத்தான் காலையிலேயே மூக்கன் அவிழ்த்துவிட்டிருந்தானே! தாரோடும் சடையாண்டியோடும் மரம் சம்பந்தியின் மேல் சாய்ந்தது.

"பார்த்தியாண்ணே, நான் சொன்னேன்ல" என்றான் மூக்கன். "நீ கட்டிப்பிடிச்சதைப் பார்த்ததுக்கே மயக்கம் போட்டுட்டாரு."