காலம் தொட்ட தவளைகள்

கிட்ட வந்து உட்காருங்க. ஈ மொய்த்தால் கையை வீசி விரட்டிக்கொள்ளுங்க. அசையாமல் உட்கார்ந்தவர்களுக்கு என்ன கதி வந்தது என்பதுதான் இந்தக் கதை.

ஒரு காட்டில் ஒரு குட்டை. பக்கத்துப் பள்ளத்தில் வற்றாத மடு. இரண்டுக்கும் நடுவே ஒரு மண்மேடு. குட்டையில் வரிச்சி என்கிற தவளையும் அவள் புருஷன் தொந்தியனும் குடியிருந்தார்கள். அந்தக் கோடையில் குட்டை சுண்டிக்கொண்டே வந்தது. வரிச்சியின் பிள்ளைகளோ கால் முளைக்காத தலைப்பிரட்டைகள். தண்ணீர் போனால் அவையும் போகும். மேட்டில் ஒரு வாய்க்கால் கீறிவிட்டால் தண்ணீரோடு மடுவில் போய் விழுந்து பிழைத்துக்கொள்ளும். ஒருத்தியால் ஆகிற வேலையா அது?

மற்ற தவளைகளைக் கூப்பிடலாமென்றால், தொந்தியன் உட்பட அத்தனையும் நொச்சிச் செடிக்கு அடியில் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தன. செடிமேல் ஒரு பச்சோந்தி. வெறும் பச்சோந்தி இல்லை, குரு. அசையா நெறி என்று ஒன்றைக் கண்டுபிடித்து வைத்திருந்தது. காலம் என்பது ஒரு குருட்டுப் பிராணியாம். அசைகிறவனின் சத்தத்தைக் கேட்டுத் தேடி வந்து மூப்பை ஏற்றிவிட்டுப் போகுமாம். கண்ணை மூடி அசையாமல் இருந்தால், தடவிப் பார்த்துக் கல் என்று நினைத்துப் போய்விடுமாம்.

தவளைகளுக்கு அது வேதவாக்கு. மூக்கில் ஈரமாக ஏதாவது பட்டால், காலம் தன்னைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனதாகப் பூரித்துப்போகும். அடிக்கடி தொடப்பட்டவனுக்கு முன்வரிசை. பட்டினியில் விலா எலும்பு தெரிந்தால், வயசு கழிகிறது என்று மெச்சிக்கொள்வார்கள். தொந்தியனுக்குத் தொந்தி இப்போது பேரில் மட்டும்தான். ஆனால் முன்வரிசை.

குரு மட்டும் நாளுக்கு நாள் கொழுத்தது. அது ஞானமாம்.

வரிச்சி புருஷனிடம் போய், "பிள்ளைங்க முதுகு வெயில்ல தெரியுதுய்யா. ரெண்டு பிடி மண்ணைத் தள்ளிவிட வா" என்று கெஞ்சினாள்.

"மெதுவாப் பேசு, காலத்துக்குக் கேட்டுடும்" என்றான் அவன், கண்ணைத் திறக்காமலே. "நீந்திக்கிட்டே இருந்தா இந்தக் கதிதான். முதல்ல அதுங்களை நீந்தறதை நிறுத்தச் சொல்லு."

எப்பேர்ப்பட்ட வார்த்தை என்று மற்றவை மெய்சிலிர்த்தன, அசையாமல்.

வரிச்சி வாயை மூடிக்கொண்டு அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள். கண்ணை மட்டும் மூடவில்லை. தொந்தியனின் மூக்கில் ஒரு ஈ வந்து உட்கார்ந்தது. மேலேயிருந்து நீளமாக ஒரு நாக்கு. சளக்! ஈயைக் காணோம்.

"தொட்டுட்டுது" என்றான் தொந்தியன் பரவசமாக.

ஓகோ, காலம் இதுதானா? அடுத்த ஈ வரும்வரை காத்திருந்தாள். நாக்கு நீண்டதும் ஒரே தாவு. அதைத் தரையில் அழுத்தி, மேலேயே ஏறி உட்கார்ந்துகொண்டாள்.

"கண்ணைத் திறங்கடா மடப் பசங்களா! உங்க காலத்தைப் பிடிச்சு வச்சிருக்கேன்."

திறந்து பார்த்தார்கள். நாக்கு நுனியில் ஈ, மறுமுனையில் குரு. பச்சையானது, மஞ்சளானது, கறுப்பானது. எந்த நிறமும் காப்பாற்றவில்லை. ஏதோ உபதேசம் சொல்லப் பார்த்தது. 'ங்ஙா' என்றுதான் வந்தது.

"அப்போ என் மூக்குக்கு வந்ததெல்லாம் சாப்பாடா?" என்று முன்வரிசைக் கிழவன் அழுதான். எட்டிப் பார்க்க வந்த பின்வரிசைக்காரன் ஒருவனுக்கு அப்போதும் சந்தேகம், இதுகூடக் காலம் வைக்கிற சோதனையாக இருக்குமோ என்று. வரிச்சி உட்கார்ந்த இடத்திலிருந்தே அவனை ஓர் உதை விட்டாள். அதற்குப் பிறகு எல்லாரும் மண் தள்ளப் போனார்கள்.

வாய்க்கால் திறந்து, பிள்ளைகள் குபுகுபுவென்று மடுவில் போய் விழும்வரை அவள் நாக்கைவிட்டு இறங்கவில்லை. இறங்கியதும் குரு செடியைவிட்டு ஓடிய ஓட்டத்தை ஆமைகள்கூட வாயைப் பிளந்து பார்த்தன.

தொந்தியன் சேறும் சகதியுமாக, தலையைத் தொங்கப்போட்டு வந்து நின்றான். அவன் மூக்கில் மறுபடியும் ஒரு ஈ. தின்னலாமா என்று பெண்டாட்டியின் முகத்தைப் பார்த்தான்.

"தன் மூக்குமேல உட்கார்ந்த ஈயைத் தானே பிடிக்காதவனுக்கு, அதைத் தின்ன வர்றவன்தான்யா தத்துவம் சொல்லுவான்" என்று சொல்லி, வரிச்சி அந்த ஈயை லபக்கென்று தின்றுவிட்டு மடுவில் குதித்தாள்.