தினை சொல்லி முடிக்கட்டும்

தாமரைக் குளத்தின் மேற்குக் கரையில் ஒன்பது தவிட்டுக்குருவிகள் ஒரே குடும்பமாக வாழ்ந்தன. அவற்றில் எட்டுக் குருவிகள் ஓயாமல் பேசும். ஒன்று மட்டும் வாயைத் திறக்கவே யோசிக்கும். அந்தக் குஞ்சின் பெயர் தினை.

தினையின் அம்மா சாமை. தங்கை எள்ளு இப்போதுதான் பறக்கப் பழகியிருந்தாள். சாமையின் அண்ணன் வரகு மாமாதான் குடும்பத்துக்குத் தலைவர். அவருடைய மனைவி கொள்ளு அத்தை. நல்ல மனசுக்காரிதான். ஆனால் யார் பேச ஆரம்பித்தாலும் அவள்தான் முடித்துவைப்பாள்.

"இன்னிக்கு நான் பார்த்த புழு..." என்று யாராவது தொடங்குவார்கள்.

"குண்டா இருந்துச்சா? தெரியும், தெரியும்!" என்பாள் அத்தை.

அந்தக் குடும்பத்தில் ஒரு முறை இருந்தது. எல்லாரும் தரையில் சருகைப் புரட்டி இரை தேடும்போது, ஒருவர் மருத மரத்தின் காவல் கிளையில் உட்கார்ந்து பார்க்க வேண்டும். ஆபத்து வந்தால் என்ன வருகிறது, எங்கே இருக்கிறது என்று குரல் கொடுக்க வேண்டும். குரல் கேட்டதும் மற்றவர்கள் பக்கத்தில் இருக்கும் உண்ணிப் புதருக்குள் ஓடி ஒளிந்துகொள்வார்கள்.

இறக்கை முற்றிய ஒவ்வொரு குஞ்சும் ஒரு நாள் அந்தக் கிளையில் ஏறிக் காவல் இருந்து காட்ட வேண்டும். அப்படிக் காட்டிய குஞ்சுக்குச் சாயங்காலம் உறங்கும் வரிசையில் ஓர் இடம் கிடைக்கும். அவர்கள் ஒரே கிளையில் ஒருவரை ஒருவர் ஒட்டிக்கொண்டுதான் உறங்குவார்கள். காவல் பார்க்க முடியாதவன் வேறு மரம் தேடிப் போய்விட வேண்டும். தனியாகப் போன தவிட்டுக்குருவி அந்தக் காட்டில் எத்தனை நாள் தாங்கும்?

தினையின் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. சாமைக்கு இரை இறங்கவில்லை.

ஏனென்றால் தினைக்கு வார்த்தைகள் தெரியும். ஆனால் வார்த்தையின் கடைசியில் ஒட்டிக்கொண்டு வருகிற சின்னத் துண்டுகள் அவனுக்குப் பிடிபடவில்லை. வந்தது, வருகிறது, வரும் என்று மற்றக் குஞ்சுகள் யாரும் சொல்லித்தராமலே பேசின. தினை மூன்றுக்கும் சேர்த்து "வா" என்பான். மரத்தில், மரத்துக்கு, மரத்திலிருந்து எல்லாமே அவனுக்கு "மரம்"தான்.

"அம்மா! அணில் வா மரம்!"

"அணிலைக் கூப்பிடறியா, மரத்தைக் கூப்பிடறியா?" என்று மற்றக் குஞ்சுகள் சிரிக்கும்.

கேட்கும்போதும் அப்படித்தான். ஒரு நாள் வரகு மாமா, "டேய், சேத்துல இறங்காதே!" என்றார். அவனுக்குச் சேறு புரிந்தது. இறங்கு என்பதும் புரிந்தது. மாமா சொல்லிவிட்டாரே என்று நல்ல பிள்ளையாக நேரே போய்ச் சேற்றில் இறங்கினான்!

"திமிரு! வேணும்னே பண்றான்!" என்று மாமா அவன் தலையில் ஒரு கொத்துக் கொத்தினார். எதற்கு அடி விழுந்தது என்று தெரியாமல் அவன் விழித்தான்.

"காது மந்தமா இருக்குமோ?" என்றாள் கொள்ளு அத்தை.

சாமை சோதித்துப் பார்த்தாள். பத்து மரம் தள்ளி நின்று ஒரு சருகைக் கிள்ளினாள். தினை சட்டென்று திரும்பிப் பார்த்தான்.

"அப்போ புத்தி மந்தம்!"

"இல்லை அண்ணி. கறையான் எந்தக் கட்டைக்கு அடியில இருக்குன்னு இந்தக் கூட்டத்துல முதல்ல கண்டுபிடிக்கிறவன் அவன்தான்."

"அப்படின்னா நீதான் கொஞ்சிக் கொஞ்சிக் கெடுத்துட்டே!"

பிள்ளைக்கு ஒன்று என்றால் பழி எங்கே வந்து நிற்கும் என்று பெற்றவளுக்குத் தெரியாதா? விடிந்ததும் கிழக்கே பார்த்து, "கடவுளே, என் பிள்ளை வாய்க்கு ஒரு வழி காட்டு" என்று வேண்டிக்கொண்டாள்.

வேண்டிக்கொண்டவள் கையோடு ஒரு தப்பும் செய்தாள். ஒரு வெட்டுக்கிளியைப் பிடித்துத் தினையின் முன்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"சொல்லு. பூனை வந்தது."

"பூனை வா."

"வந்தது! வந்-த-து! சொன்னாத்தான் இரை!"

"வ... வா..."

"இத்தனை தடவை சொல்லியும் ஏறலையாடா உனக்கு?"

தினை வெட்டுக்கிளியைப் பார்த்தான். அம்மாவைப் பார்த்தான். அலகை இறுக மூடிக்கொண்டான். மூன்று நாள் அவன் யாரிடமும் பேசவில்லை. அந்த மூன்று நாளும் சாமை நெஞ்சுக்குள் அழுதாள்.

நான்காம் நாள் குளத்தோரம் கோரைப் புல் பக்கம் போனபோது அவளுக்கு ஒரு குரல் கேட்டது. தினையின் குரல்! அவள் புல்லுக்குப் பின்னால் மறைந்து நின்று எட்டிப் பார்த்தாள். தினை ஓர் ஆமையின் முன்னால் உட்கார்ந்திருந்தான். ஆமையின் தலை ஓட்டுக்குள் இருந்தது.

"ஆமை அக்கா! மீன் குதி. பெரிசு. தண்ணி... வெளி."

ஆமையின் தலை மெல்ல, மெல்ல வெளியே வந்தது. தினை அவசரப்படாமல் காத்திருந்தான்.

"ஓ! பெரிய மீன் தண்ணியிலிருந்து வெளியே குதித்ததா?"

"ம்! குதித்தது!" என்றான் தினை.

சாமைக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. முழு வார்த்தை! யாரும் கட்டாயப்படுத்தவில்லை. அதுவாகவே வந்தது!

தினை பறந்து போனதும் அவள் ஆமையிடம் ஓடினாள்.

"அக்கா, என் பிள்ளைக்கு என்ன மந்திரம் போட்டீங்க?"

ஆமை உள்ளே இழுத்த தலையை மறுபடி வெளியே கொண்டுவந்தது. சாமை தவித்துப்போனாள்.

"மந்திரமா? என் தலை வெளியே வர இவ்வளவு நேரம் ஆகுதும்மா. அதுக்குள்ள அவன் சொல்ல வேண்டியதைச் சொல்லி முடிச்சிடறான். எனக்குச் சரியாப் புரிஞ்சுதான்னு ஒரு தடவை நானும் திருப்பிச் சொல்லிப் பார்ப்பேன். அவ்வளவுதான்."

"நீங்க சிரிக்க மாட்டீங்களா?"

"நான் நடக்கிறதைப் பார்த்துக் காடே சிரிக்குது. எனக்கு அந்த ஆசை வரலை."

அன்றிலிருந்து சாமை 'சொல்லு, சொல்லு' என்று நெருக்குவதை விட்டாள். இரையைக் காட்டி மிரட்டுவதையும் விட்டாள். தினை, "அம்மா, எள்ளு விழு" என்றால், "அடடா, எள்ளு விழுந்துட்டாளா?" என்பாள். அவன் நிறுத்தினால் அவளும் நிறுத்துவாள். தவிட்டுக்குருவிக்கு அது எவ்வளவு கஷ்டம் தெரியுமா? தொண்டை அரிக்கும். அலகு துடிக்கும். ஆனாலும் மூச்சை எண்ணிக்கொண்டு பொறுத்திருப்பாள். அவனுக்கு எதையாவது சொல்லிப் புரியவைக்க வேண்டுமென்றால், அந்த இடத்துக்கே கூட்டிப் போய்க் காட்டிச் சொல்வாள்.

ஒன்றிரண்டு வார்த்தைகள் முழுசாக வந்தன. பல வார்த்தைகள் வரவில்லை. அதற்குள் காவல் நாள் வந்துவிட்டது.

"அண்ணே, இன்னும் கொஞ்ச நாள் பொறுக்கக் கூடாதா?" என்று கேட்டாள் சாமை.

"முறைன்னா எல்லாருக்கும் ஒண்ணுதான், சாமை" என்றார் வரகு மாமா. அவருக்கும் வருத்தம்தான். முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"இவனைக் காவலுக்கு ஏத்தினா, நாம பூனை வயித்துக்குள்ள உட்கார்ந்து இரை தேட வேண்டியதுதான்!" என்றாள் கொள்ளு அத்தை.

தினை காவல் கிளையில் ஏறினான். கீழே எல்லாரும் சருகைப் புரட்டினார்கள். வெயில் ஏறியது. சாமை ஒரு புழுவைக் கொத்துவதும் ஒரு தடவை மேலே பார்ப்பதுமாக இருந்தாள்.

அப்போது தினை கழுத்தை நீட்டினான். குளத்தோரக் கோரைக்குள் இரண்டு காதுகள் தெரிந்தன. காட்டுப்பூனை! அது கோரையை விட்டு வெளியே வந்தது. வயிற்றைத் தரையோடு தேய்த்து, கற்களுக்குப் பின்னால் பதுங்கிப் பதுங்கி வந்தது. தினை வார்த்தையைத் தேடுவதற்குள் உண்ணிப் புதருக்குள் நுழைந்து படுத்துக்கொண்டது. இவர்கள் எங்கே ஓடி ஒளிவார்கள் என்று அது பல நாளாகக் கவனித்து வைத்திருந்தது.

"பூனை!" என்று தினை கத்தினான்.

எல்லாரும் தலை தூக்கினார்கள்.

"பூனை... கோரை..."

"கோரைக்குள்ள பூனை!" என்று அலறினாள் கொள்ளு அத்தை. "புதருக்கு ஓடுங்க! ஓடுங்க!"

முழுக்கூட்டமும் உண்ணிப் புதரைப் பார்த்து ஓடியது. எள்ளு எல்லாருக்கும் முன்னால் குதித்துக் குதித்து ஓடினாள்.

சாமையும் இறக்கையை விரித்துவிட்டாள். ஆனால் ஓடவில்லை. அவள் கண் மேலே இருந்தது. தினையின் அலகு இன்னும் திறந்தே இருந்தது. அவன் இன்னும் முடிக்கவில்லை!

"அண்ணே, நில்லுங்க! அவன் முடிக்கட்டும்!"

யாரும் நிற்கவில்லை. சாமை மட்டும் வெட்டவெளியில் தனியாக நின்றாள். கோரையில் பூனை இருந்தால் முதல் பிடி அவள்தான். அந்தப் பக்கம் மகள் ஓடிக்கொண்டிருக்கிறாள். போய் அவளை அணைத்துக்கொள்ளச் சொல்லி உடம்பு துடித்தது. இந்தப் பக்கம் மகன் வார்த்தை தேடிக்கொண்டிருக்கிறான்.

'கடவுளே' என்று நினைத்தாள். பிறகு மகனைப் பார்த்து மெதுவாகக் கேட்டாள்.

"தினை, அம்மா நிக்கறேன். பூனை கோரையில இருக்கா? வேற இடத்துல இருக்கா?"

ஒரு மூச்சு. தினையின் தொண்டை ஏறி இறங்கியது.

இரண்டு மூச்சு.

"கோரை... இல்லை. முன்னாடி."

மூன்றாவது மூச்சு விடுவதற்குள் சாமைக்கு ஒரு யுகம் போனது போல இருந்தது.

"இப்போ... புதர்! புதர் உள்ள!" என்று அவன் அலகை நீட்டிக் காட்டினான்.

"புதருக்குள்ள பூனை!" சாமையின் குரல் குளத்தின் அக்கரை வரை கேட்டது. "போகாதீங்க! மேலே! எல்லாரும் மேலே!"

எள்ளு புதருக்கு ஒரு சாண் தூரத்தில் இருந்தாள். அம்மாவின் குரல் கேட்டதும் பழகாத இறக்கையைப் பட்டென்று அடித்து எழும்பினாள். மற்றவர்களும் எழும்பினார்கள். அதே நேரம் புதர் பிளந்தது. பூனை பாய்ந்தது! அதன் வாய்க்குள் கொள்ளு அத்தையின் இரண்டு இறகுகளும் கொஞ்சம் மண்ணும்தான் போயின.

மருத மரத்தில் ஒன்பது பேரும் மூச்சிரைக்க உட்கார்ந்திருந்தார்கள். பூனை கீழே இறகைத் துப்பிவிட்டு, எதுவும் நடக்காதது போல நடந்து போனது.

"அவன்தான் தப்பாச் சொன்னான்!" என்று ஒரு குஞ்சு கீச்சிட்டது.

"அவன் தப்பாச் சொல்லலை" என்றாள் கொள்ளு அத்தை. அவள் குரல் அவ்வளவு மெல்லியதாக யாரும் கேட்டதில்லை. "அவன் பாதி சொன்னான். மீதியை நான் சொன்னேன். நான் சொன்ன பாதிதான் தப்பு."

வரகு மாமா தத்தித் தத்தித் தினையின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். எங்கே கொத்தப் போகிறாரோ என்று தினை தலையைத் தாழ்த்திக்கொண்டான். மாமா அவன் கழுத்து இறகைக் கோதிவிட்டார்.

"இனிமே இவன் காவல் இருக்கிற நாள்ல, இவன் அலகு மூடுற வரைக்கும் ஒருத்தரும் ஓடக் கூடாது" என்றார். "புரியலைன்னா சாமை கேட்ட மாதிரி கேளுங்க. முறையில இதையும் சேர்த்துக்கறேன்."

தினை அதற்குப் பிறகு பெரிய பேச்சுக்காரன் ஆகிவிடவில்லை. இன்றைக்கும் அவனுடைய பல வார்த்தைகள் பாதியில்தான் நிற்கின்றன. சில நாள் நன்றாக வரும், சில நாள் நேற்று வந்தது கூட வராது. அதனால் யாருக்கும் குறைவில்லை.

பூனை பாய்ந்த அன்று சாயங்காலம் எல்லாரும் உறங்கும் கிளைக்கு வந்தார்கள். வரிசையின் நடுவில் ஓர் இடம் விட்டிருந்தார்கள். தினை இந்தப் பக்கம் பார்த்தான், அந்தப் பக்கம் பார்த்தான். மெல்ல உள்ளே நுழைந்து உட்கார்ந்தான்.

"நான் இங்க" என்றான்.

எட்டுப் பேரும் காத்திருந்தார்கள். கொள்ளு அத்தை அலகை இறுக்கி மூடிக்கொண்டு கண்ணை உருட்டினாள். எள்ளு மூச்சைப் பிடித்துக்கொண்டாள். அந்த மரம் உண்டான நாளிலிருந்து அவ்வளவு அமைதியாக இருந்ததில்லை.

தினை சுற்றிலும் பார்த்தான். "அவ்வளவுதான்" என்றான்.

எட்டுப் பேரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தார்கள்.

பிள்ளையின் பேச்சு பாதியில் நின்றால் மீதியை நாம் பிடுங்கிச் சொல்லாமல், அது தானாக வந்து சேரும்வரை சிரிக்காமலும் சலிக்காமலும் பொறுத்திருப்பதே அன்பு.