வாடகைக் கட்டிலும் ரெண்டு எழுத்தும்

இந்தக் கதையில குருவுக்கு வயசு இருபத்தேழு. சிஷ்யைக்கு நாப்பத்தொம்பது. மாத்திச் சொல்லலைங்க, சரியாத்தான் சொல்றேன்.

ஆசிரமம் எங்கன்னா, திருச்சியில ஒரு பேக்கரிக்கு மேல, ரெண்டாவது மாடி. காலையில ஏழு மணிக்குக் கதவைத் திறந்தா, கீழ பன் வேகுற வாசனை படியேறி வந்து நாற்காலியில உக்காந்துக்கும். அந்த பேக்கரிக்காரருக்குச் சக்கரை வியாதி. ஒரு பன்னைத் தொடமாட்டார். "வாசனைக்கு டாக்டர் ஒண்ணும் சொல்லலையே"ன்னு அடுப்பு வாசல்லயே உக்காந்து மூச்சை இழுத்துக்கிட்டு இருப்பார். அவரைப் பத்திச் சொல்ல ஆரம்பிச்சா இன்னிக்கு முடியாது.

மேல முப்பது பேர் கம்ப்யூட்டர் முன்னாடி உக்காந்து பில்லு எழுதுவாங்க. யாருக்குங்கறீங்க? கடல் தாண்டி அமெரிக்காவுல இருக்கற நோயாளிங்களுக்கு. கட்டில், சக்கர நாற்காலி, ஊன்றுகோல், மூச்சு மிஷின்னு அவங்க வீட்டுக்கு என்னென்ன சாமான் போச்சோ, அதுக்கெல்லாம். ஒவ்வொரு சாமானுக்கும் ஒரு நம்பர் உண்டு. நம்பருக்குப் பின்னால வால் மாதிரி ரெண்டு இங்கிலீஷ் எழுத்து. விலைக்கு வாங்கினதுன்னா என்.யூ. வாடகைக்கு எடுத்ததுன்னா ஆர்.ஆர். என்ன சாமான்னு நம்பர் சொல்லும். அது யாரோடதுன்னு வால் சொல்லும். வால் தப்பாப் போனா பில்லு திரும்பி வந்துடும்.

குரு பேர் ஷமீமா. புதுசா வர்றவங்களுக்கு வேலை சொல்லித் தர்றவ. ரொம்பப் பேசமாட்டா. சிஷ்யை பிலோமினா. ஒரு நர்சிங் ஹோம் கவுண்டர்ல இருபது வருஷம் சீட்டு எழுதினவ. அதை மூடினதும் இங்க வந்து சேர்ந்தா.

முதல் நாள் பிலோமினா கேட்டா: "மேடம், இந்த எழுத்தையெல்லாம் மனப்பாடம் பண்ணணுமா?"

"வேணாங்க்கா. அந்த வீட்ல என்ன நடந்துச்சுன்னு கடையில இருந்து வர்ற சீட்டுல இருக்கும். அதைப் படிங்க. எழுத்து தானா வரும்."

ரெண்டு மாசம் போச்சு. ஒரு வெள்ளிக்கிழமை, திரும்பி வந்த பில்லு பதினொண்ணை ஷமீமா திரையில வரிசையா வெச்சா. எல்லாம் பிலோமினா எழுதினது.

"அக்கா, இதுல என்ன தப்புன்னு நீங்களே சொல்லுங்க."

பிலோமினா கண்ணாடியைத் துடைச்சுப் போட்டுக்கிட்டுப் பார்த்தா.

"எல்லாத்துலயும் வால்தான் மேடம். விலைக்கு வாங்கினாங்கன்னு சீட்டுல இருக்கு. நான் வாடகைன்னு போட்டிருக்கேன்."

"வாடகைக்கு எடுத்ததை விலைக்கு வாங்கினதா மாத்திப் போட்டது ஒண்ணாவது இருக்கா?"

"இல்லை."

"தெரியாமப் பண்ற தப்பு ரெண்டு பக்கமும் சாயும்க்கா. இது ஒரே பக்கமாச் சாஞ்சிருக்கு."

பக்கத்துல உக்கார்ற வசந்திக்கு வாய் சும்மா இருக்காது. "பிலோமிக்கா கையில குடுத்தா சவப்பெட்டிக்குக்கூட வாடகைன்னு போட்டுடுவாங்க மேடம்!"

நாலு பேர் சிரிச்சாங்க. பிலோமினாவும் சேர்ந்து சிரிக்கப் பார்த்தா. கண்ணுல தண்ணிதான் வந்துச்சு.

ஷமீமா எழுந்து ஜன்னல் பக்கம் போனா. பின்னாலயே பிலோமினாவும் போனா.

"விலைக்கு வாங்கினாங்கன்னு எழுதக் கை வரலை மேடம்."

"ஏங்க்கா?"

"வாடகைன்னா ஒரு நாள் திருப்பிக் குடுத்துடலாம்ல? விலைக்கு வாங்கிட்டா அதுலயே கிடக்க வேண்டியதுதானே?"

அப்பத்தான் விஷயம் வெளியில வந்துச்சு. பிலோமினா வீட்டுக்காரர் சவரிமுத்து, மோட்டாருக்குக் காயில் கட்டறவர். ஃபேன், மிக்ஸி, கிரைண்டர், எது புகைஞ்சு போனாலும் பாலக்கரையில அவர்கிட்டதான் வரும். ஒரு கல்யாண மண்டபத்துல ஃபேன் கழட்ட ஏறினவர் ஏணியோட விழுந்தார். இடுப்புக்குக் கீழ அசைவில்லை. எட்டு மாசமா வீட்ல கட்டில். கைப்பிடியைச் சுத்தினா தலைப்பக்கம் தூக்கும் பாருங்க, அந்த ஆஸ்பத்திரிக் கட்டில். வாடகைக்கு எடுத்தது. டாக்டரைக் கேட்டா "பார்ப்போம்"னுதான் சொல்றார்.

கட்டிலை வாடகைக்கு விட்டவர் கந்தவேல். அவர் கடைக்கு ஒரு தடவை போயிருக்கேங்க. ஊன்றுகோலெல்லாம் கூரையில வௌவால் மாதிரி தொங்கும். திரும்பி வந்த நாற்காலியில எவரோ கட்டின மஞ்சக் கயிறு இருக்கும். இன்னொண்ணோட பையில எவரோ மறந்து வெச்ச மூக்குக் கண்ணாடி இருக்கும். அந்தக் கண்ணாடியையெல்லாம் கந்தவேல் ஒரு டிராயர்ல சேர்த்து வெச்சிருக்கார். பொழுது போகலைன்னா ஒவ்வொண்ணாப் போட்டுப் பார்ப்பார். "இதுல தெரு வளைஞ்சு தெரியுது, இதுல தெருவே இல்லை"ன்னு தனியாச் சிரிச்சுக்குவார். நல்ல மனுஷன்தான். ஆனா எட்டு மாசத்துக்கு மேல ஒரு கட்டிலை ஒரே வீட்ல விடமாட்டார்.

"நாளைக்குச் சனிக்கிழமை. விலைக்கு எடுத்துக்கறீங்களா, வண்டி அனுப்பட்டுமான்னு கேட்டிருக்கார் மேடம். நாலு தடவை போன் வந்துச்சு. நான் எடுக்கலை."

"வண்டி வந்தா?"

"தரையில படுக்க வெச்சா முதுகு புண்ணாயிடும். தெரியும். இருந்தாலும் சரின்னு சொல்ல வாய் வரமாட்டேங்குது."

அப்புறம் குரலைத் தாழ்த்திக்கிட்டு ஒண்ணு சொன்னா. மத்தியானம் சாப்பிட்டுத் திரையைப் பார்த்தா அவளுக்குக் கண்ணு சொக்குமாம். எழுத்தெல்லாம் கலங்கி ஓடுமாம். அவ பில்லு எழுதின கட்டிலெல்லாம் ஒவ்வொண்ணா மிதந்து வருமாம், கடல் மேல, வெள்ளை விரிப்போட, ஆள் இல்லாம. எல்லாம் கந்தவேல் கடைக்குத் திரும்பிப் போற கட்டில். கடைசியா வர்றது அவ வீட்டுக் கட்டில். அது தெருமுனை தாண்டினதும் சவரிமுத்து வேட்டியை மடிச்சுக் கட்டிக்கிட்டு நடந்து வந்து கேட்டைச் சாத்துவாராம்.

"தினம் வருது மேடம். கேட்டு கிறீச்சுன்னு சத்தம் போடறதுகூடக் கேக்குது. கட்டிலை விலைக்கு வாங்கிட்டா அது வராமப் போயிடுமோன்னு இருக்கு."

ஷமீமா ஜன்னல் வழியா எட்டிப் பார்த்தா. கீழ ரெண்டாவது தடவை பன்னை அடுப்புல விட்டிருந்தாங்க.

"அந்தப் பதினொண்ணுல மார்த்தான்னு ஒரு அம்மா இருக்காங்க. அவங்க நாற்காலி சொந்தக் காசுல வாங்கினது. நீங்க வாடகைன்னு போட்டீங்க. 'நாற்காலியை எப்பத் திருப்பித் தர்றீங்க'ன்னு கடையில இருந்து அவங்களுக்குப் போன் போயிருக்கு. அந்த அம்மா அன்னிக்குப் பூரா நாற்காலியை விட்டு இறங்கலையாம். சாப்பாடும் அதுலயே."

பிலோமினா வாயைப் பொத்திக்கிட்டா. "மாதாவே! நான் நல்லதுன்னு நினைச்சுத்தானே…"

"பெரிய மோட்டார் நாற்காலிக்கு பி.யூ.ன்னு ஒரு வால் சொல்லிக் குடுத்தேன். ஞாபகம் இருக்கா?"

"இருக்கு. வாடகை, விலைன்னு ரெண்டு வழியையும் சொல்லி, முப்பது நாள் ஆகியும் பதில் வரலைன்னா அதைப் போடணும்."

"யார்கிட்ட இருந்து பதில்?"

"நாற்காலியில உக்காந்திருக்கறவங்ககிட்ட இருந்து."

"சரி. அண்ணன் என்ன சொன்னார்?"

பிலோமினா ஜன்னல் கம்பியைப் பிடிச்சுக்கிட்டு நின்னா. 

சாயங்காலம் நாலு மணிக்கு வேலை விட்டதும் ஷமீமா ஸ்கூட்டியை எடுத்தா. "ஏறுங்க்கா."

"எங்க மேடம்?"

"உங்க வீட்டுக்குத்தான்."

"ஐயோ, வீடு போட்டது போட்டபடி கிடக்கு!"

"நான் வீட்டைப் பார்க்க வரலை."

வானம் இருட்டிக்கிட்டு வந்துச்சு. மழை வரும்னு கடைக்காரங்க தார்ப்பாய் இழுத்தாங்க. வரலை. ரயில்வே கேட்டுல அரை மணி நேரம் நின்னாங்க. எவ்வளவு நீளமான கூட்ஸ் வண்டிங்கறீங்க! முடியவே முடியாதோன்னு தோணிடும். பிலோமினா பின்னால உக்காந்துக்கிட்டு பெட்டியை எண்ணிப் பார்த்தா, பாதியில விட்டுட்டா, மறுபடி ஒண்ணுல இருந்து ஆரம்பிச்சா.

வீடுன்னா ஒரு முன்கட்டு, பின்னால சமையல். முன்கட்டுல கட்டில். கட்டில் முழுக்க பிளாஸ்டிக் உறை. கம்பிக்கெல்லாம் பழைய வேட்டித் துணி சுத்தியிருந்துச்சு. அடுத்தவங்க பொருள் பாருங்க, கீறல் விழக் கூடாதுன்னு பிலோமினா பண்ணினது. நடுவுல சவரிமுத்து, அசைஞ்சா சரசரங்குமேன்னு அசையாமப் படுத்திருந்தார்.

"யாரும்மா?"

"ஆபீஸ்ல அக்காவுக்கு வேலை சொல்லித் தர்றேண்ணே. ஷமீமா."

"ஓ, டீச்சரா! இவளைத் திட்ட வந்தீங்களா? நல்லாத் திட்டுங்க. எனக்கு இவதான் டீச்சர்."

ஷமீமா ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கிட்டு, பையில இருந்து ஒரு தாளும் பேனாவும் எடுத்தா.

"பேர்?"

அவர் பிலோமினாவைப் பார்த்தார். அப்புறம் சிரிச்சார். "சவரிமுத்து."

"சாமான்?"

"இந்தக் கட்டில்தான்."

"வாடகைக்கு வெச்சுக்கலாம், இல்லை விலைக்கு வாங்கிக்கலாம். இந்த ரெண்டு வழியும் உங்ககிட்டச் சொன்னாங்களா?"

"யாரும் சொல்லலையே!"

"கந்தவேல் கடையில இருந்து நாலு தடவை போன் வந்துச்சு. நாளைக்குள்ள சொல்லணும்."

அவர் தலையைத் திருப்பினார். "பிலோமி?"

அவ கதவு நிலையிலயே நின்னா. "உங்களுக்கு மனசு கஷ்டப்படும்னுதான்…"

"உங்க பதில் என்னண்ணே?" ஷமீமா பேனாவைத் தாள்ல இருந்து எடுக்கலை.

"விலைக்குத்தான். உடனே வாங்கச் சொல்லுங்க."

பிலோமினா நெஞ்சுல கை வெச்சா. "ஏங்க, அவசரப்படாதீங்க. யோசிச்சு—"

"ஆறு மாசமா யோசிச்சாச்சு. எனக்கு ஓட்டை போடணும்."

"ஓட்டையா?"

"டீச்சர், இங்க பாருங்க." அவர் பக்கவாட்டுக் கம்பியில சுத்தியிருந்த துணியைத் தள்ளினார். கீழ பென்சிலால ரெண்டு புள்ளி வெச்சிருந்துச்சு. "இங்க ஒரு ஓட்டை, அங்க ஒரு ஓட்டை. ரெண்டு போல்ட் போட்டுக் காயில் சுத்தற மிஷினை நிறுத்திட்டா, படுத்த வாக்குலயே சுத்தலாம். கை ரெண்டும் நல்லாத்தானே இருக்கு? ரெண்டாம் மாசமே இவகிட்டக் கேட்டேன். 'அடுத்தவன் கட்டில்ல ஓட்டை போடுவாங்களா, புத்தி இருக்கா'ன்னு கத்தினா. நியாயம்தானே? அதான் பேசலை. எட்டு மாசமா விருந்தாளி மாதிரி படுத்திருக்கேன் டீச்சர். டீ குடிச்சாக்கூடச் சிந்திடுமோன்னு பயம்."

 பிளாஸ்டிக் உறை மட்டும் சரசரன்னுச்சு.

ஷமீமா தாள்ல ரெண்டு எழுத்து எழுதி அவர் கையில குடுத்தா. அவர் அதைத் தூக்கிப் பிடிச்சு, கல்யாணப் பத்திரிகை படிக்கிற மாதிரி படிச்சார். "என்.யூ. அப்படின்னா?"

"உங்களோடதுன்னு அர்த்தம்ணே."

அவர் உறையோட ஒரு முனையைப் பிடிச்சு இழுக்க ஆரம்பிச்சார். பாதி வந்துச்சு, பாதி அவருக்கு அடியில மாட்டிக்கிச்சு. பிலோமினாதான் ஓடிப்போய் அவரை ஒரு பக்கமாச் சாய்ச்சு மீதியை உருவினா. உருவிக்கிட்டே அழுதா. அவர் கவனிக்கலை. பிளாஸ்டிக் இல்லாத மெத்தையை உள்ளங்கையால தடவிக்கிட்டு இருந்தார்.

அப்புறம் அவளே கந்தவேலுக்குப் போன் போட்டு, எடுத்துக்கறோம்னு சொன்னா. அவர் என்னமோ கேட்டார். "ஆமா, சொந்தத்துக்கு"ன்னு ரெண்டு தடவை சொன்னா.

ஷமீமா கிளம்பினா. பிலோமினா வாசல் வரைக்கும் கூடவே வந்தா. ஸ்கூட்டியைத் திருப்பி நிறுத்தினதும் கேட்டா:

"சந்தோஷமாத்தான் இருக்கார். நானும் பார்த்தேன். இருந்தாலும் மேடம், சொந்தமாயிடுச்சுன்னா இனிமே அவர் அதுல இருந்து எந்திரிக்கவே மாட்டார்னு ஆயிடாதா?"

ஷமீமா ஹெல்மெட்டைக் கையிலயே வெச்சிருந்தா.

"எங்க வீட்டுக் கட்டிலும் விலைக்கு வாங்கினதுதாங்க்கா. தினம் காலையில அதுல இருந்து எந்திரிச்சுத்தான் வேலைக்கு வர்றேன்."