விறகறைப் பூனை

கணவர் இறந்த வருஷமே தையல்நாயகி மலையடிவாரத்து ஆசிரமத்தில் சிஷ்யையாகச் சேர்ந்தாள். பிள்ளைகள் இல்லை. வீட்டைத் தங்கையிடம் ஒப்படைத்துவிட்டு, பூனையைக் கூடையில் வைத்துத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறி வந்தாள்.

பழைய வாழ்க்கையின் பொருள் எதையும் அங்கே கொண்டுவரக் கூடாது. வளர்த்த உயிரை விட்டுவிட்டு வரவேண்டும் என்று மட்டும் விதி இல்லை. அதனால் பூனைக்கும் இடம் கிடைத்தது.

புது இடத்தில் எல்லாம் புதிதாக இருக்கட்டும் என்று வந்ததும் பூனையைக் குளிப்பாட்டினாள். கூடையில் விரித்திருந்த கந்தலை அடுப்பில் போட்டாள். பூனை அவள் கையைக் கீறிவிட்டு ஓடி விறகறைக்குள் புகுந்துகொண்டது.

பால் வைத்தாள். தயிர்ச்சோறு பிசைந்து வைத்தாள். தொடவில்லை. செல்லப் பேர் எல்லாம் சொல்லிக் கூப்பிட்டாள். கையை விட்டு இழுத்தபோது சீறியது. மறுநாளும் விறகடுக்குக்குப் பின்னால் இரண்டு கண்கள்தான் தெரிந்தன.

குரு ஞானாம்பிகை அவளைவிட வயதில் இளையவர். அவரிடம் ஓடினாள்.

“அம்மா, பட்டினியிலேயே செத்துவிடும்போல இருக்கிறது. அதை எப்படி அமைதிப்படுத்துவது?”

குரு எழுந்து விறகறைக்கு வந்தார். வேடிக்கை பார்த்தவர்களை அனுப்பினார். இங்கிருந்து விறகு எடுக்க வேண்டாம் என்று சமையற்கட்டுக்குச் சொல்லிவிட்டார். கதவை ஒருக்களித்தார். கிண்ணத்தில் தண்ணீர் வைத்துவிட்டு, பூனைக்கு முதுகு காட்டித் தரையில் உட்கார்ந்தார்.

“கூப்பிடாதீர்கள், தையலம்மா. உட்காருங்கள்.”

உட்கார்ந்தாள்.

“பழைய வீட்டுத் துணி ஏதாவது இருக்கிறதா? தோய்க்காதது.”

“ஒன்றும் இல்லை அம்மா. எல்லாவற்றையும் விட்டுவிட்டுத்தான் வந்தேன்.”

குரு மேலே கேட்கவில்லை.

விறகுக்குப் பின்னாலிருந்து மெலிதாக ஒரு குரல் வந்தது. பூனையின் குரல் மாதிரியே இல்லை. தையல்நாயகி காதைப் பொத்திக்கொண்டாள். பிறகு எழுந்து தன் அறைக்குப் போனாள்.

திரும்பி வர வெகுநேரம் ஆயிற்று. கையில் முடிச்சுப் போட்ட பிளாஸ்டிக் பை. உள்ளே நீலக் கோடு போட்ட அரைக்கைச் சட்டை. ஆஸ்பத்திரிக்குப் போகுமுன் கணவர் கடைசியாகக் கழற்றிப் போட்டது. வாசனை போய்விடும் என்று அவள் இதுவரை அந்த முடிச்சை அவிழ்த்ததே இல்லை.

குருவைப் பார்க்காமல் அவிழ்த்தாள். சட்டையை ஒரு தடவை முகத்தில் வைத்துக்கொண்டாள். விறகடுக்கின் முன்னால் விரித்தாள்.

வெயில் இறங்கும் நேரத்தில் பூனை வெளியே வந்தது. காலரை முகர்ந்தது. முன்னங்கால்களால் துணியை மிதித்து மிதித்து மெத்தையாக்கியது. கிண்ணத்துத் தண்ணீரைக் குடித்தது. சட்டையின் நடுவில் சுருண்டு கண்ணை மூடிக்கொண்டது.

தையல்நாயகிக்கு அழுகை வந்தது. கணவர் இறந்த அன்றுகூட அவள் அப்படி அழவில்லை. குரு அவளைத் தேற்றவும் இல்லை, எழுந்து போகவும் இல்லை.

அழுது ஓய்ந்த பிறகு அவள் கேட்டாள்.

“விதிப்படி இந்தச் சட்டை இங்கே இருக்கக் கூடாது. எரித்துவிடட்டுமா, அம்மா?”

குரு சட்டையைப் பார்த்தார்.

“பூனை தூங்குகிறது. எழுந்திருக்கட்டும்.”