ஒரு குரலுக்கு மட்டும் இடம்

"இருபத்தோரு நாளா மணியடிச்சே சாகுறேன், என் பொண்ணு குரலை ஒரு நாளாவது காதால கேட்டேனா?"

குமுதை இதை அன்று காலையிலிருந்து நான்காவது தடவையாகச் சொன்னாள். குரு பதில் சொல்லவில்லை. குரு முப்பது வயதுப் பெண். சிஷ்யையான குமுதைக்கு ஐம்பத்திரண்டு. பதில் சொல்லாத ஆளோடு சண்டை போடுவது குமுதைக்குச் சுத்தமாகப் பிடிக்காது.

"உங்களைத்தான் கேட்கிறேன், குருவே."

"பனி இறங்கியிருக்கு, அக்கா. நிறுத்தாம அடிங்க."

அந்தக் கடலில் செவியன் என்றொரு பிராணி உண்டு. திருக்கையின் உடம்பு, எருமையின் முகம், முறம் அளவுக்குக் காதுகள். அழகு என்று சொல்ல ஒன்றுமில்லை. யாராவது மூழ்கினால் அவர்கள் கடைசியாகப் பேசியதைக் கேட்டு வைத்துக்கொள்ளும். நாளுக்கு ஒரு முறை, கடல் உள்வாங்கி வற்றும் நேரத்தில், பாறையடியில் தலையைத் தூக்கி அதே குரலில் ஒரே ஒரு தடவை சொல்லும். ஒரு குரலுக்குத்தான் அதனிடம் இடம். அடுத்தவர் மூழ்கினால் முந்தினவர் குரல் போனது போனதுதான்.

அதனால் ஊரார் ஒரு வழக்கம் வைத்திருந்தார்கள். மூடுபனியில் படகுகளுக்குக் கரையைக் காட்டும், அந்தப் பாறைமேல் தொங்கும் மணியை, செவியனிடம் யாருடைய குரல் இருக்கிறதோ அந்த வீட்டாரிடம் கொடுத்துவிடுவார்கள். இன்னொருவர் மூழ்கிவிடக் கூடாதே என்று அவர்களைப் போலப் பதறுகிறவர்கள் வேறு யார்? கெட்டிக்கார ஊர். மணிச் சத்தத்தில் செவியன் சொல்வது காதில் விழாதே என்று மட்டும் யாரும் யோசிக்கவில்லை. யோசித்திருந்தாலும் அடிக்கப்போவது அவர்கள் இல்லை.

முன்பு மணியடித்தவர் புதிதாக வருகிறவருக்குக் குரு. அடிக்கவும், அடித்துக்கொண்டே பொறுத்திருக்கவும் அவர்தான் கற்றுக்கொடுக்க வேண்டும்.

சந்தைக்குப் போன படகோடு குமுதையின் மகள் தாழை மூழ்கி ஏழு மாதம் ஆகியிருந்தது. பனி இல்லாத நாட்களில் குமுதை மகள் குரலைக் கேட்டுவிட்டு, அதை வைத்துக்கொண்டு மறுநாள்வரை ஓட்டிவிடுவாள். இந்த மூன்று வாரமாகத் தினமும் பனி; அதுவும் இல்லை.

குரு குடத்தை எடுத்துக்கொண்டு மேட்டுக் கிணற்றுக்குப் போனாள். கடல் வற்றத் தொடங்கியிருந்தது. குமுதை கொஞ்ச நேரம் அடித்தாள். பிறகு சுத்தியலைக் கீழே வைத்தாள். ஒரு தடவைதானே.

செவியன் தலையைத் தூக்கியது.

"செருப்பு போச்சே. அம்மா திட்டுமே."

தாழையேதான். அதே சிணுங்கல்.

குமுதை பாறையின் விளிம்புக்கு இறங்கினாள். திட்ட மாட்டேன் என்றாள். வேறு செருப்பு வாங்கிக்கொள்ளலாம் என்றாள். இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள். அது இரண்டாம் முறை சொல்லாது என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும். ஆனாலும் கெஞ்சிக்கொண்டே நின்றாள். எவ்வளவு நேரம் என்று பிறகு அவளால் சொல்ல முடியவில்லை.

பனிக்குள் எங்கோ மரம் பிளக்கும் சத்தம் கேட்டது.

செவியனின் காதுகள் இரண்டும் அந்தப் பக்கம் திரும்பின. அது தண்ணீருக்குள் போய்விட்டது.

குரு குடத்தைப் போட்டுவிட்டு ஓடிவந்தாள். சுத்தியலை எடுத்து, பனி விலகும்வரை தானே அடித்தாள். படகுகள் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. ஒன்று வரவில்லை. கானன் என்ற வலைக்காரனுடையது. வடகரையில் அவனுக்கு மனைவி இருந்தாள்.

"அவகிட்ட யார் சொல்றது?" என்றாள் குமுதை.

"மணி யார் கையில இருந்ததோ அவங்க."

"என்னன்னு சொல்லுவேன், குருவே? என் பொண்ணு குரலைக் கேட்கணும்னு நிறுத்தினேன், உன் புருஷன் போயிட்டான்னா? எந்த வாயால சொல்றது?"

குரு சுத்தியலை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"தாழை போன அன்னைக்கும் பனிதான், அக்கா. அப்போ செவியன்கிட்ட எங்க அப்பா குரல் இருந்தது. மணி என் கையில இருந்தது."

குமுதை திரும்பிப் பார்த்தாள்.

"நானும் நிறுத்தினேன். அதைச் சொல்லத்தான் உங்க வீட்டுக்கு வந்தேன். நீங்க உட்காரச் சொல்லி மோர் குடுத்தீங்க. குருவேன்னு கூப்பிட்டீங்க. வாயைத் திறக்காம இருந்துட்டேன்."

குமுதை எழுந்து வீட்டைப் பார்க்க நடந்தாள். வடகரைக்குப் போகவில்லை.

மறுநாள் பனி இல்லை. கடல் வற்றியது. பாறையில் இரண்டு பெண்களும் தள்ளித் தள்ளி உட்கார்ந்திருந்தார்கள். செவியன் தலையைத் தூக்கி ஓர் ஆணின் குரலில் சொன்னது:

"கரை எந்தப் பக்கம்? யாராவது ஒரு குரல் குடுங்க."